சந்திரகிரி ராணியின் மாம்பழ ஏடு

எங்கள் அபார்ட்மெண்டில் யார் வீட்டில் என்ன நடக்கிறது என்று நான் வேவு பார்ப்பதாக ஒரு பேச்சு உண்டு. அபாண்டம். முதல் மாடியில் என் சமையலறை ஜன்னல் மாடிப்படியைப் பார்த்து இருக்கிறது, அவ்வளவுதான். ஏறுகிறவர் கையில் என்ன பை, இறங்குகிறவர் முகத்தில் என்ன சுணக்கம், எல்லாம் தானாக வந்து கண்ணில் விழுகின்றன. கண்ணை மூடிக்கொண்டு வெங்காயம் நறுக்க முடியுமா? வீட்டைக் கட்டியவன் செய்த ஒரே தப்பு, அடுப்பு மேடையை எதிர்ச் சுவரில் வைத்தது. அடுப்பைப் பார்த்து நின்றால் ஜன்னலுக்கு முதுகு. அதனால் என் வீட்டில் எல்லாம் குக்கர் சமையல். மூன்று விசில் வந்ததும் அணைத்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிவிடலாம்.

இது திருப்பதி. ரேணிகுண்டா ரோட்டிலிருந்து இரண்டு தெரு உள்ளே. பன்னிரண்டு வீட்டில் ஏழு வீடு நம் ஆட்கள். திருத்தணி, அரக்கோணம், ராணிப்பேட்டை என்று எல்லை தாண்டி வேலைக்கு வந்தவர்கள். மூன்றாவது மாடியில் இருப்பவர் பூவராகவன். ரயில்வேயில் கிளார்க்காக இருந்து ரிடையர் ஆனவர், மனைவி இல்லை. மகன் லோகேஸ்வரன் ஸ்ரீ சிட்டியில் ஷிஃப்ட் சூப்பர்வைசர். மருமகள் ஹரிப்ரியா, வெதுருகுப்பத்துப் பெண். அப்பாவுக்கு மாந்தோப்பு. சித்தூரில் காலேஜ் படித்து, உணவுப் பண்டங்களைச் சோதித்துப் பார்க்கும் படிப்பில் முதல் வகுப்பு வாங்கியவள்.

வாங்கி என்ன? கல்யாணமாகி மூன்று வருஷமாக அவள் சோதித்துப் பார்த்ததெல்லாம் மாமனாருக்கு ரசத்தில் உப்பு சரியாக இருக்கிறதா என்பதைத்தான்.

பூவராகவனைக் கொடுமைக்காரர் என்று சொன்னால் என் நாக்கு அழுகிவிடும். அதட்டமாட்டார், அதிரப் பேசமாட்டார். "வேலைக்குப் போம்மா, யாரு வேணான்னது? இத மட்டும் முடிச்சிட்டுப் போ" என்பார். இந்த 'இத மட்டும்' இருக்கிறதே, அதுதான் முடிவதில்லை. முதல் வேலைக்கு ஆர்டர் வந்தபோது அவருக்குக் கண் ஆபரேஷன். இரண்டாவது ஆர்டருக்கு ஆடி மாசம், புதிதாக எதையும் தொடங்கக் கூடாது. மூன்றாவதற்கு ஊரிலிருந்து நாத்தனார் வந்து இருபது நாள் தங்கிவிட்டாள். லோகேஸ்வரனைக் கேட்டால், "நைனாவ ஒரு வார்த்த கேட்டுக்கறேன்" என்பான். அந்த ஒரு வார்த்தையை அவன் கேட்டு நான் பார்த்ததில்லை.

அவர்கள் பால்கனியில் புறா வராமலிருக்க வலை அடித்திருக்கிறார்கள். காலையில் நான் கீழே கோலம் போடும்போது நிமிர்ந்தால், அந்த வலைக்குப் பின்னால் ஹரிப்ரியா நிற்பாள். மெயின் ரோட்டில் கம்பெனி பஸ்கள் போகும் நேரம் அது. கடைசி பஸ் போனதும் உள்ளே போய்விடுவாள். ஒருநாள், "இன்னாடி, தெனம் பஸ் எண்றியா?" என்று கேட்டேன்.

"இல்ல ஆன்ட்டி, ஜன்னல் சீட்டு எத்தினி காலியா போவுதுன்னு பாக்கறேன்" என்றாள்.

இப்போது பண்டத்துக்கு வருகிறேன்.

சித்திரைக் கடைசியில் டிபன் கேரியரைத் திருப்பிக் கொடுக்க மாடிக்குப் போனேன். மாதத்தில் மூன்று நாள் அவள் வீட்டுக்குத் தூரம். அந்த வீட்டில் வேறு பெண் இல்லாததால் அந்த மூன்று நாளும் என் வீட்டிலிருந்துதான் சாம்பார் போகும். மற்ற நாளில் அவள் எனக்கு ஏதாவது செய்து அனுப்புவாள். உள்ளே போனால், உப்பு ஜாடியில் போனைச் சாய்த்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். போனில் ஒரு வெள்ளைக்காரி, தலையில் சுருக்கு வைத்த தொப்பி, பழைய காலத்துக் கவுன், மரக் கரண்டியால் பச்சைப் பழத்தை மசித்துக்கொண்டிருக்கிறாள்.

"ஐந்நூறு வருஷத்துப் பண்டமாம் ஆன்ட்டி. பழத்த வேக வெச்சி மசிச்சி, பாலேட்டுல சேக்கறது. அங்க ராணி வூட்ல எல்லாம் துன்னுவாங்களாம்."

பெயர் ஃபூல் என்றாள். பெயர் வைத்தவன் யாரைப் பார்த்து வைத்தானோ என்று நினைத்துக்கொண்டேன்.

போன வாரமே ஒருமுறை செய்து பார்த்துவிட்டாளாம். வெள்ளைக்காரி கூஸ்பெர்ரி என்றதை நம் நெல்லிக்காய் என்று எடுத்துக்கொண்டு, அரை கிலோ நெல்லியை வேக வைத்து மசித்து, சூடு ஆறுவதற்குள் ஏட்டில் கொட்டியிருக்கிறாள். ஏடு திரிந்து, சுண்ணாம்பில் பாசி விழுந்த மாதிரி ஆகிவிட்டது. மிச்சத்தை ஃப்ரிட்ஜில் வைத்திருந்தாள். நான் ஒரு விரல் எடுத்து நாக்கில் வைத்தேன். காது மடல் வரைக்கும் துவர்த்தது.

"அவங்க ஊர்ப் பழம் வேற, நம்ம நெல்லி வேற. புளிப்பா இருக்கணும், மசியணும், நார் இருக்கக் கூடாது. எங்க தோப்புல கெடக்குதே பெங்களூரா, அது போதும்" என்றாள். சொல்லும்போது முகத்தில் ஒரு வெளிச்சம் வந்ததே, அது அவள் காலேஜில் இருந்தபோது இருந்த வெளிச்சமாக இருக்க வேண்டும்.

பெங்களூரா என்றால் சித்தூர்ப் பக்கம் லாரி லாரியாகக் கூழ் ஃபாக்டரிக்குப் போகும் மூக்கு மாங்காய். பழுத்தாலும் கொஞ்சம் புளிப்பு விடாது. அதைச் சர்க்கரையோடு வேக வைத்து, திப்பி திப்பியாக மசித்து, ஆற வைத்திருந்தாள். பாலேட்டை மத்தால் அடித்துக் கெட்டியாக்கி, அதில் பழத்தை விட்டு, அடியிலிருந்து இரண்டே தடவை தூக்கிப் போட்டாள். வெள்ளையில் மஞ்சள் கோடு ஓடியது. மேலே இரண்டு சொட்டுப் பன்னீர். நான் ஒரு கரண்டி சாப்பிட்டேன். பிறகு எதுவும் பேசவில்லை. நான் பேசாமலிருந்தேன் என்றால் நீங்களே புரிந்துகொள்ளலாம்.

அந்த நேரம் பார்த்துப் பூவராகவன் வந்துவிட்டார். கையில் சந்திரகிரிக் கோட்டை டிக்கெட். இந்த ஊருக்கு வந்ததிலிருந்து அவருக்குச் சந்திரகிரிப் பைத்தியம். மலைக்குத் தரிசனத்துக்கு வரும் சொந்தக்காரர்கள் எவரையும் கோட்டைக்கு இழுத்துப் போகாமல் ஊருக்கு அனுப்பமாட்டார். ராஜா மகால், ராணி மகால் என்று அவர் ஆரம்பித்தால் பஸ் போய்விடும்.

கிண்ணத்தைப் பார்த்தார். "இன்னாம்மா இது?"

"இது... வெளிநாட்டு ஸ்வீட்டு மாமா."

"வெள்ளக்காரன் துன்றத எல்லாம் நான் தொட மாட்டேன். தயிர் சாதம் போடு."

ஹரிப்ரியா கிண்ணத்தைப் பார்த்தாள், டிக்கெட்டைப் பார்த்தாள். மூன்று மணி நேரம் நின்று எடுத்த ஏடு.

"இல்ல மாமா, சும்மா சொன்னேன். இது நம்ம சந்திரகிரி ராணி மகால்ல செஞ்சதுதான். விஜயநகரத்துக் காலத்துல. எங்க ஊர்ல சொல்லுவாங்க."

விளையாட்டுக்குத்தான் சொன்னாள். அதோடு நின்றிருந்தால் அவரும் சிரித்துவிட்டுப் போயிருப்பார். நான் சும்மா இருந்திருக்க வேண்டும். சும்மா இருக்கிற வாயா இது?

"ஆமாங்க சார், நான் கூட கேள்விப்பட்டிருக்கேன். ராணிங்களுக்கு வெள்ளித் தட்டுல, வாழப்பூ மடல்ல வெச்சிக் குடுப்பாங்களாம்" என்றேன். வாழைப்பூ மடல் எங்கிருந்து வந்தது என்று இன்றுவரை எனக்கே தெரியாது.

பூவராகவன் உட்கார்ந்தார். சாப்பிட்டார். கண்ணை மூடிக்கொண்டார். "ராஜ போகம்னா இதாம்மா" என்றார்.

மறுநாள் காலை நடைப்பயிற்சியில் எட்டுப் பேருக்குத் தெரிந்துவிட்டது. என் வழியாக மீதி நாலு தெருவுக்குத் தெரிந்தது. நானாகப் போய்ச் சொல்லவில்லை, கேட்டவர்களுக்குச் சொன்னேன். செய்முறை எனக்கும் தெரியும் என்று ஓரிரண்டு இடத்தில் சொல்லியிருப்பேன். அதன் பிறகு யார் வீட்டு விருந்தாளி வந்தாலும் மூன்றாவது மாடியில் மாம்பழ ஏடு. ஒரு மாதத்தில் ஒன்பது தடவை. பால் சட்டியை விட்டு அவள் நகர முடியாது. தீ கூடினால் பொங்கும், குறைந்தால் ஏடு கட்டாது. பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை கரண்டியால் மேலாக வழித்தெடுக்க வேண்டும். பாக்கெட் பாலில் ஏடு சரியாக வராது என்று பால்காரன் கங்கையா சந்திரகிரிப் பக்கத்திலிருந்து எருமைப் பால் கொண்டுவந்தான். "ஏம் அம்மா, இந்த வூட்ல கல்யாணமா, தெனம் கல்யாணமா?" என்று அவன் என்னைக் கேட்டான். கல்யாண வீட்டில்கூட சமையல்காரனுக்கு மூன்றாம் நாள் விடுதலை உண்டு.

ஆனி பிறந்த வாரம் இரண்டு சேதி ஒரே நாளில் வந்தன.

முதல் சேதி போனில். ஸ்ரீ சிட்டியில் ஒரு பழச்சாறு கம்பெனி. லேபில் வேலை. திங்கட்கிழமை காலை ஒன்பது மணிக்கு வந்து சேர வேண்டும். அன்று வராவிட்டால் அடுத்த பெயருக்குப் போய்விடும். பஸ் ஆறு மணிக்கு மெயின் ரோட்டில். பூவராகவன் இந்த முறை உடனே தலையாட்டினார். "போய் வாம்மா. படிச்ச படிப்பு வீணாப் போவக் கூடாது." ஹரிப்ரியா அன்று மாடிப்படியை இரண்டிரண்டாகத் தாண்டி இறங்கிவந்து என்னிடம் சொன்னாள்.

இரண்டாவது சேதி சாயங்காலம். எங்கள் கட்டடத்தில் மாதா மாதம் திருவோணத்தன்று பெருமாள் பஜனை. மொட்டை மாடியில் பந்தல், அறுபது பேர். ஒவ்வொரு மாதமும் ஒருவர் நைவேத்தியப் பொறுப்பு. பஜனைக் காரியதரிசி எத்திராஜ், "இந்த மாசம் பூவராகவன் சார் வூட்டு முறை. சந்திரகிரி ராஜ நைவேத்தியம்" என்று வாட்ஸ்அப்பில் போட்டுவிட்டார். கூடவே ராணி மகால் படம். திருவோணம் திங்கட்கிழமை.

மாமனார் முகத்தில் கொஞ்சம்கூடக் குற்றம் இல்லை. "இத மட்டும் முடிச்சிட்டு செவ்வாக்கெழம போம்மா. ஒரு நாள் முன்ன பின்ன ஆனா கம்பெனி இன்னா ஓடியா போய்டும்?" என்றார்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் அவள் என் வீட்டுக்கு வந்தாள். உட்காரவில்லை. சமையலறை ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"கம்பெனிக்கு போன் பண்ணேன் ஆன்ட்டி. திங்கக்கெழம வரலன்னா வேணாம்னு சொல்லிட்டாங்க."

"லோகேஸ்வரன் இன்னா சொல்றான்?"

"நைனாவ ஒரு வார்த்த கேக்கறேன்னாரு."

"சரிதான். ஞாயித்துக்கெழமையே செஞ்சி வெச்சிட்டா?"

"நைவேத்தியம் மொத நாள் செய்யக் கூடாதாம். அன்னிக்கிக் கறந்த பாலு, அன்னிக்கி எடுத்த ஏடுன்றாரு."

படியை எட்டிப் பார்த்து, யாரும் இல்லை என்று உறுதி செய்துகொண்டாள். பிறகு, "உண்மைய சொல்லிடட்டுமா?" என்றாள். "ராணியும் இல்ல, சந்திரகிரியும் இல்ல, போன்ல பாத்து செஞ்சேன்னு?"

எனக்குச் சுருக்கென்றது. உண்மையைச் சொன்னால் என்ன நடக்கும் என்று அவளுக்கும் தெரியும். அறுபது பேர் முன்னால் அந்த மனுஷர் தலை குனிய வேண்டும். கோட்டை வாசலில் டிக்கெட் கொடுப்பவனுக்குக்கூட அவர் இந்தக் கதையைச் சொல்லியிருக்கிறார். பிறகு, மாமனாரிடம் ஒரு கிண்ணத்துக்காகப் பொய் சொன்ன மருமகளை எழுபது கிலோமீட்டர் தள்ளி எந்த நம்பிக்கையில் அனுப்புவார்? சொல்லாவிட்டால் திங்கட்கிழமை அடுப்படி. சொன்னால் எல்லாக் கிழமையும் அடுப்படி.

ஆனால் நான் யோசித்தது அதையெல்லாம் இல்லை. வாழைப்பூ மடலை யோசித்தேன்.

"சொல்லாத" என்றேன். "பெரியவரு மனசு ஒடஞ்சிடும்."

ஹரிப்ரியா என்னைத் திரும்பிப் பார்த்தாள். "மடலு இன்னும் பறிக்கல ஆன்ட்டி. மாமா உங்களத்தான் கேக்கச் சொன்னாரு, அறுபது மடலு எங்க கெடைக்கும்னு" என்று சொல்லிவிட்டுப் படியேறிவிட்டாள். ஒவ்வொரு படியாக.

சனிக்கிழமை காலை மடல் விஷயமாக நான் மாடிக்குப் போக வேண்டியதாயிற்று. பூவராகவன் ஹாலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, நைவேத்திய விதிகளை மருமகளுக்கு ஒப்பித்துக்கொண்டிருந்தார். அவள் சமையலறை வாசலில் கரண்டியோடு நின்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

"ருசி பாக்கக் கூடாது. மோந்து கூடப் பாக்கக் கூடாது. பாக்கெட் சமாச்சாரம் எதுவும் சேரக் கூடாது. தலைக்குத் தண்ணி ஊத்திக்கினு, மடித் துணி கட்டிக்கினு செய்யணும். இத்தினி நாளு வீட்டு ஸ்வீட்டா இருந்துச்சி, இப்ப பெருமாளு பிரசாதம். தீட்டு படக் கூடாது. சமைக்கற எடத்துல இல்ல, வூட்லயே அன்னிக்கித் தீட்டு இருக்கக் கூடாது. நம்ம வூட்லேந்து கலசம் மேல போவுது பாரு."

"ஆவட்டும் மாமா" என்றாள்.

சொன்ன பிறகும் கரண்டி அசையவில்லை. அதைப் பிடித்தபடி சுவர்க் காலண்டரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பாவம், போன வேலையை நினைத்துக்கொண்டிருக்கிறாள் என்று நான் கீழே இறங்கிவிட்டேன். இத்தனை வருஷம் முகத்தைப் பார்த்தே சங்கதி சொல்லும் நான் அன்று கோட்டை விட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஐந்து மணிக்குப் பூவராகவனே இறங்கிவந்தார். சட்டைப் பித்தான் மாற்றிப் போட்டிருந்தது.

"மனோரமாம்மா, மோசம் போய்ட்டேன். ஹரி வூட்டுக்குத் தூரமாய்ட்டா."

நான் கையிலிருந்த கீரைக்கட்டை கீழே வைத்தேன். என் சாம்பார் மாடிக்குப் போய்ப் பதினொரு நாள்தான் ஆகிறது. எனக்கு எது மறந்தாலும் சாம்பார் போன நாள் மறக்காது. வாய் வரைக்கும் வந்துவிட்டது. மாடிப்படி வளைவில் ஹரிப்ரியா நின்றுகொண்டிருந்தாள், தலைமுடியை அவிழ்த்துவிட்டு, கையில் சுருட்டிய பாய். என்னைப் பார்த்தாள். கெஞ்சவில்லை. என்னவோ எடை போடுகிற மாதிரி பார்த்தாள்.

நாற்பது வருஷத்தில் முதல் தடவையாக எனக்குத் தெரிந்த ஒன்றை நான் விழுங்கினேன்.

"ஐயய்யோ" என்றேன்.

"கம்பெனி ஏதோ நாளைக்கே வரச் சொன்னாங்களே, அங்க போவட்டும்" என்றார் பூவராகவன். "கலசம் கெளம்பற நேரத்துல அவ வூட்ல இருக்கக் கூடாது. காத்தால ஆறு மணி பஸ்ஸுக்கே போய்ட்டு, எல்லாம் முடிஞ்சி ராத்திரி வந்தா நல்லது. நானே பஸ் ஏத்தி வுட்டுட்டு வந்து குளிச்சிடறேன்."

படி வளைவிலிருந்து, "மாமா, செவ்வாக்கெழம போயிக்கறேனே, நாளைக்கி வாணாம்" என்று ஒரு குரல் வந்தது. துணிச்சலைப் பாருங்கள்.

"பேசாத! நான் சொல்றன் இல்ல? நாளைக்கிதான் போற" என்றார். அந்த மனுஷர் குரல் உயர்த்தி நான் கேட்டது அன்றுதான்.

"அப்ப நைவேத்தியம்?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

"மனோரமா ஆன்ட்டிக்குத் தெரியுமே மாமா" என்றது படி வளைவு. "ராணி மகால் மொறை அவங்களுக்கு அத்துப்படி. நாலு தெருவுல சொல்லிக்கினு இருக்காங்களே. அவங்க வூட்டு அடுப்புன்னா தீட்டும் இல்ல."

பூவராகவன் இரண்டு கையையும் கூப்பிவிட்டார். வயதான மனுஷர். என்ன சொல்ல முடியும்?

அவர் மேலே போனதும் அவள் பாயைத் தரையில் வைத்துவிட்டு, முந்தானை முனையில் முடிந்திருந்த காகிதத்தை எடுத்து நீட்டினாள். நுணுக்கி நுணுக்கி எழுதியிருந்தது. பால் பன்னிரண்டு லிட்டர், இரண்டு அகலச் சட்டி, தீ எவ்வளவு, எத்தனை நிமிஷத்துக்கு ஒருமுறை வழிக்க வேண்டும், பழம் எத்தனை கிலோ, சர்க்கரை எத்தனை கிராம்.

"கிராம் தப்பாம போட்டீங்கன்னா ருசி பாக்கவே வாணாம். பழத்தச் சோதிச்சிதான் எழுதியிருக்கேன். பொறங்கையில வெச்சா சில்லுனு இருக்கணும், அப்பறம்தான் ஏட்டுல சேக்கணும். கலக்காதீங்க. அடியிலேந்து தூக்கி ரெண்டே வாட்டி."

"அடிப்பாவி, பெருமாளு கண்ணக் குத்தாது?"

"மூணு வருஷமா பாத்துக்கினுதான் இருந்தாரு" என்றாள். "அவரு வேற வழி காட்டியிருந்தா அதுல போயிருப்பேன்."

திங்கட்கிழமை விடிகாலையில் தலைக்கு ஊற்றிக்கொண்டு, தனியாக அலசிக் காயப்போட்ட புடவையைக் கட்டிக்கொண்டு, அடுப்பின் முன் நின்றேன். கங்கையா கேனை வாசலில் வைத்தான். அவனை உள்ளே பார்த்துப் பேசக்கூட விடவில்லை, மடி போய்விடுமாம். பூவராகவன் மருமகளை பஸ் ஏற்றிவிட்டு, குளித்து, நாமம் போட்டுக்கொண்டு வந்து என் ஹாலில் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார். காவல். நான் ருசி பார்த்துவிடக் கூடாதே.

மூன்று மணி நேரம். இந்தச் சட்டியில் வழித்தால் அந்தச் சட்டி பொங்கக் காத்திருக்கும். அதை அடக்கினால் இதில் ஏடு கிழியும். பின்னால் படியில் யாரோ வேகமாக ஏறுகிறார்கள். யாரோ இறங்கிக்கொண்டே போனில் அழுகிற மாதிரி பேசுகிறார்கள். தெலுங்கில், குரல் பிரமிளா குரல் மாதிரி இருக்கிறது, இரண்டாவது மாடி பிரமிளா, அவள் புருஷன் போன வாரம்தான் நெல்லூருக்குப் போனான். நான் திரும்ப வேண்டும். கழுத்தைப் பாதி திருப்பினேன்.

"மனோரமாம்மா, பாலு" என்றார் நாற்காலி.

ஆறடி நீள மேடை, எதிரே வெள்ளை டைல்ஸ், டைல்ஸில் ஓர் எண்ணெய்ப் புள்ளி. எட்டு மணிக்குள் அந்தப் புள்ளி எனக்கு மனப்பாடம். வியர்வை முதுகில் இறங்கியது. துடைக்கக் கை இல்லை. ஒன்பது தடவை, ஒன்பது தடவை என்று மட்டும் மனசுக்குள் ஓடியது. இதை அவள் ஒன்பது தடவை செய்தாள். நான் சாப்பிட்டுக் கிண்ணத்தைக் கழுவிக் கொடுத்தேன்.

நான் கிராம் தப்பவில்லை. புறங்கையில் வைத்தும் பார்த்தேன். ஆனால் பழம் போதுமான அளவு ஆறுவதற்குள் எத்திராஜ் மேலிருந்து, "கலசம் கெளம்பலாமா?" என்று மூன்று தடவை ஆள் அனுப்பிவிட்டார். அவசரத்தில் சேர்த்தேன். இரண்டு தடவைக்குப் பதில் நாலு தடவை தூக்கிப் போட்டிருப்பேன். கோடு கோடாக இருக்க வேண்டியது, மழையில் நனைந்த சந்தனம் மாதிரி நொசநொசவென்று ஆகிவிட்டது. ஓரத்தில் லேசாகத் திரிந்தும் இருந்தது.

என்ன செய்வது? பெருமாளுக்குக் காட்டியாகிவிட்டது. காட்டிய பிறகு அது பிரசாதம். பிரசாதத்தைக் குறை சொல்ல அறுபது பேரில் யாருக்காவது வாய் வருமா? வாழைப்பூ மடலைக் கையில் ஏந்தி, கண்ணில் ஒற்றிக்கொண்டு விழுங்கினார்கள். எத்திராஜ், "அந்தக் காலத்து ருசியே தனி" என்றார். அவர் மனைவி மடலை அப்படியே மடித்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டாள். பூவராகவன் இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டு என்னைப் பார்த்தார். ஏதோ சொல்ல வந்து, பந்தலில் இருந்த பெருமாள் படத்தைப் பார்த்து, "அமிர்தம்" என்றார்.

இரவு எட்டரைக்கு அவள் வந்தாள். முதல் மாடி வளைவில் உட்கார்ந்து செருப்பைக் கழற்றினாள். கழுத்தில் நீலக் கயிற்றில் அட்டை, அதில் அவள் படம், பேர். புதன்கிழமை காலை வரைக்கும் ஹாலில் தனித் தட்டு, தனிப் பாய். யாரும் அவளைத் தொட முடியாது. நடிக்க ஆரம்பித்தால் முழுசாக நடிக்க வேண்டுமே.

"கெடச்சிடுச்சா?" என்றேன்.

"கெடச்சிடுச்சி. இன்னிக்கி நாப்பது சாம்பிள் பாத்தேன் ஆன்ட்டி. ஒண்ணுகூட நான் சமைச்சது இல்ல." அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "ஏடு எப்டி வந்துச்சி?"

"அமிர்தமாம்."

"திரிஞ்சிடுச்சா?"

"எனக்கு எப்டித் தெரியும், நான் ருசி பாத்தேனா?"

சிரித்தாள். சட்டி ஓரத்தில் ஒட்டியிருந்ததை ஒரு கிண்ணத்தில் வழித்து வைத்திருந்தேன். அவளிடம் நீட்டினேன். அவள் கை நீட்டவில்லை. மேலே மூன்றாவது மாடிக் கதவு திறந்திருந்தது. தூரமான பெண்ணுக்குப் பிரசாதம் கிடையாது. கண்டுபிடித்தவள், அதைத் தொட முடியாமல் உட்கார்ந்திருந்தாள். நான் கிண்ணத்தைத் திரும்ப உள்ளே கொண்டுபோனேன்.

அப்போது மேலிருந்து பூவராகவன் குரல். சந்தோஷமான குரல். "மனோரமாம்மா! எல்லாரும் கேட்டுக்கினாங்க. இனிமே மாசா மாசம் திருவோணத்துக்கு ராஜ நைவேத்தியம்தானாம். எத்திராஜ் எழுதிட்டாரு."

ஹரிப்ரியாவின் முகத்தைப் பார்த்தேன். மறுபடியும் மாட்டினாள் என்று நினைத்தேன். அவள் அசையவே இல்லை. கட்டை விரலால் மற்ற விரல்களின் கணுவைத் தொட்டுத் தொட்டு எண்ணிக்கொண்டிருந்தாள்.

"அடுத்த திருவோணம் இருபத்தேழு நாள்ல ஆன்ட்டி" என்றாள் மெதுவாக. "அதுக்கடுத்தது அதுலேந்து இருபத்தேழு."

எனக்குப் புரிய ஒரு நிமிஷம் ஆயிற்று. நேற்று அவள் ஆரம்பித்த கணக்கு, திருவோணத்துக்குத் திருவோணம் அப்படியே போய் விழும். ஒவ்வொரு மாதமும் பெருமாள் நட்சத்திரத்தன்று அவள் வீட்டில் இருக்கக் கூடாது. ஒவ்வொரு மாதமும் பூவராகவனே பஸ் ஏற்றிவிடுவார்.

"அடுத்தது ஞாயித்துக்கெழமைடி" என்றேன், தோற்கக் கூடாதென்று.

"மாம்பழ சீசன்ல லேபுக்கு ஏது ஞாயிறு? எனக்கு புதன்தான் லீவு."

"நெசமான நாளு வருமே, அப்போ?"

விரல் எண்ணுவதை நிறுத்தினாள். "அப்ப சொல்ல முடியாது. சமைக்கணும், வெளக்கு ஏத்தணும், எப்பவும் போல இருக்கணும்" என்றாள். "வெளக்க மட்டும் மாமாவ ஏத்தச் சொல்லிடுவேன். ஷிஃப்டுக்கு நேரமாச்சின்னு." அட்டையைச் சட்டைக்குள் போட்டுக்கொண்டு செருப்பை எடுத்துக்கொண்டாள். இரண்டு படி ஏறிவிட்டுத் திரும்பினாள். "நீங்களும் சொல்ல முடியாது ஆன்ட்டி. மடலு யாரு சொன்னதுன்னு கேப்பாங்க."

ஆடி வந்தது. அடுத்த திருவோணமும் வந்தது. என் வீட்டு அடுப்பில் இரண்டு அகலச் சட்டி, ஹாலில் நாற்காலி, நாற்காலிக்கு உரியவர் மருமகளை பஸ் ஏற்றிவிட முன்னாலேயே கீழே போயிருந்தார். ஐந்தே முக்காலுக்கு மாடிப்படியில் செருப்புச் சத்தம் கேட்டது. இரண்டிரண்டாகத் தாண்டி இறங்கும் சத்தம். என் ஜன்னல் பக்கத்தில் ஒரு நொடி நின்றது. என்ன புடவை கட்டியிருந்தாள், முகம் எப்படி இருந்தது, டிபன் டப்பா எடுத்துக்கொண்டாளா, எதுவும் எனக்குத் தெரியாது. பால் அப்போதுதான் பொங்க வந்தது.